இரண்டு கரையிலும் மறியல்

நான் வேலை செய்த இறால் கம்பெனியில், காலை பத்து மணிக்கு எங்கள் ஊர்ச் சாவுகளை வானொலியில் வாசிப்பார்கள். இராமேஸ்வரம் தீவில் மதுரை வானொலியைவிட இலங்கை வானொலிதான் தெளிவாகக் கேட்கும். எங்கள் மேஸ்திரி பழைய பாட்டுக்காக அதைத் திருப்பி வைப்பார். பாட்டுக்கு முன்னால் மரண அறிவித்தல் வரும். ஐஸுக்குள் கையை விட்டு இறால் தலையைக் கிள்ளிக்கொண்டிருக்கிற அறுபது பெண்களுக்கும் அது பாட்டு வருவதற்கு முன் கழிய வேண்டிய ஐந்து நிமிடம். எனக்கு மட்டும் கை நின்றுவிடும். "மன்னார், பேசாலையைப் பிறப்பிடமாகவும் வதிவிடமாகவும் கொண்ட" என்று தொடங்கினால், அடுத்து வரப்போகிற பெயர் எனக்குத் தெரிந்த பெயராகத்தான் இருக்கும். வேலைக்குச் சேர்ந்த முதல் வாரத்திலேயே எனக்குக் கணக்குச் சொல்லித்தந்த சந்தியோகு வாத்தியாரின் பெயர் வந்தது. கண்ணைத் துடைக்கக் கை இல்லை. இரண்டு கையிலும் இறால் நாற்றம். பக்கத்தில் இருந்த பெண் எட்டிப் பார்த்தாள். "என்னக்கா, ஐஸ் கடிக்குதா?" என்றாள். "இல்லை. எங்கட வாத்தியார் மோசம் போயிட்டாராம்" என்றேன். அவள் முகம் மாறியது. "யாரு மோசம் பண்ணுனா? போலீஸ்ல சொன்னாகளா?" என்று கேட்டாள். எங்கள் ஊரில் மோசம் போவது என்றால் சாவது. அவள் ஊரில் ஏமாந்து போவது. அதைச் சொல்லி விளங்கப்படுத்துவதற்குள் பாட்டு வந்துவிட்டது. காளியம்மாள் எனக்குப் பழக்கமானது அப்படித்தான்.

மொழி தெரியாத நாட்டுக்குப் போனவர்கள் எழுதுவதை நான் வாசித்திருக்கிறேன். பனியில் நடந்ததையும், பேருந்தில் பேச ஆளில்லாமல் இருந்ததையும் எழுதுகிறார்கள். நான் வந்தது தமிழ் பேசுகிற ஊருக்கு, படகில் இரண்டு மணித்தியாலம். கடைப் பலகையெல்லாம் வாசிக்க முடிகிறது. கோயில் மணியும் மாதா கோயில் மணியும் பள்ளிவாசல் பாங்கும் எங்கள் மன்னாரில் கேட்பதுபோலவே கேட்கின்றன. அதனால் எனக்கு இங்கே குறை ஒன்றும் இருக்காதென்று ஊரில் இருப்பவர்கள் நினைக்கிறார்கள். கடையில் போய் நான் கச்சான் கேட்டபோது, கடைக்காரர் வெளியே எட்டிக் கடலைப் பார்த்துவிட்டு, "கச்சான் இன்னும் வீச ஆரம்பிக்கலையேம்மா" என்றார். எனக்கு அது நிலக்கடலை. அவருக்கு அது காற்று. இதைச் சொல்லிச் சிரிக்கலாம். ஆனால் எல்லாத் தவறையும் சிரித்துக் கடக்க முடிவதில்லை என்பதைச் சொல்லத்தான் இதை எழுதுகிறேன்.

பெற்றோலுக்கும் மண்ணெண்ணெய்க்கும் பால்மாவுக்கும் நாடே வரிசையில் நின்ற வருஷத்தில் நான் வந்தேன். என் மகள் டிலானிக்கு அப்போது பன்னிரண்டு வயது. அவளுடைய தகப்பன் கத்தாருக்குப் போய், முதலில் பணமும் பிறகு தொலைபேசியும் நின்று, ஆள் இருக்கிற இடமே தெரியாமல் போய்விட்டார். எங்களைப் பைபர் படகில் ஏற்றி வந்தவன், விடியற்காலையில் ஒரு மணல் திட்டில் இறக்கிவிட்டு, "இது இந்தியாதான். அங்கால நடந்தால் கரை" என்று சொல்லிவிட்டுத் திரும்பிப் போனான். வெளிச்சம் வந்தபிறகு பார்த்தால் நாலு பக்கமும் தண்ணீர். டிலானி முதலில் சிப்பி பொறுக்கினாள். வெயில் ஏற ஏறப் பொறுக்கியதையெல்லாம் போட்டுவிட்டு என் முந்தானைக்குள் தலையை விட்டுக்கொண்டாள். கரைக்காவல் படகு வந்து எங்களை ஏற்றியபோது உச்சி வெயில். கரையில் ஒரு அதிகாரி கேட்டார்: "எதுக்கு வந்தீங்க?" "பால்மா இல்லை ஐயா" என்றேன். "பால் இல்லையா? ஏன், உங்க ஊருல மாடு கெடையாதா?" என்றார். நான் சொன்னது பால் பவுடரை. பக்கத்தில் நின்றவர்கள் சிரித்தார்கள். அவர் கெட்டவர் இல்லை. டிலானிக்குத் தன்னுடைய தண்ணீர்ப் போத்தலைக் கொடுத்தார். ஆனால் போர்க்காலத்தில் வந்தவர்களை அகதி என்று எழுதிய பேரேட்டில் எங்களை என்னவென்று எழுதுவதென்று அவருக்குத் தெரியவில்லை. அனுமதியின்றி எல்லை கடந்தவர் என்று எழுதினார். இன்றுவரைக்கும் அதுதான் என் உத்தியோகம்.

அவரிடம் சொல்லாத ஒன்று உண்டு. பால்மா பாதிக் காரணம்தான். மற்றப் பாதி என் தம்பி அன்ரனுடைய வலை. நானும் மகளும் அவனோடுதான் இருந்தோம். அவன் மாலையில் வலையைப் போட்டுவிட்டு வந்து, காலையில் போய்த் தூக்குவான். நான் கரையில் நின்று மீன் கழற்றுவேன். ஒரு நாள் காலை வெறும் மிதவையோடு திரும்பி வந்தான். வலை இருந்த இடத்தால் இந்திய இழுவைப்படகுகள் போயிருந்தன. அறுந்த கயிற்று நுனியைக் கையில் பிடித்துக்கொண்டு, பொழுது நல்லாய் ஏறும்வரை மணலில் இருந்தான். நான் தேத்தண்ணி கொண்டுபோய்க் கொடுத்தேன், வாங்கவில்லை. அந்த வருஷத்திலேயே இன்னும் இரண்டு தடவை அப்படி நடந்தது. மூன்றாம் தடவைக்குப் பிறகு அவன் கூலிக்கு மற்றவர்களுடைய படகில் போனான். பிறகு மண்ணெண்ணெயும் இல்லாமல் போனது. மற்றவர்களுடைய படகும் நின்றது. இதை நான் அந்த அதிகாரியிடம் எப்படிச் சொல்வது? நான் தஞ்சம் கேட்டு நின்ற கரையே அந்தப் படகுகளின் கரை. எங்களைக் கொண்டுபோய் வைத்த அகதி முகாமிலிருந்து கம்பெனிக்குப் போகிற வழியில் அவை வரிசையாகக் கட்டிக் கிடக்கும். முதல் மாதம் முழுக்க அந்தப் பக்கம் முகத்தைத் திருப்பாமல் நடந்தேன். பிறகு பழகிவிட்டது. மனுஷருக்கு எல்லாம் பழகிவிடுகிறது. அதுதான் எனக்குப் பயமாயும் இருந்தது.

காளியம்மாள் கடற்கரைக்காரி இல்லை. சாயல்குடிக்கு உள்ளே ஒரு ஊர். மழையை நம்பி மிளகாய் போட்டவர்கள். மழை பொய்த்த வருஷங்களில் கருவேலங்கட்டை வெட்டிக் கரிமூட்டம் போட்டுப் பார்த்துவிட்டு, அதுவும் ஒத்துவராமல், புருஷனும் பெண்சாதியுமாகப் பாம்பன் பக்கம் வந்து குடியேறியவர்கள். அவளுடைய புருஷன் முருகேசன் விசைப்படகில் வலை இழுக்கிற கூலியாள். "கடலைப் பாத்தாலே அவுகளுக்கு வாந்தி வரும்க்கா. முத மூணு மாசம் போட்டுல படுத்தே கெடந்தாக" என்று அவளே சொல்லியிருக்கிறாள். எனக்கு முகாமுக்கு வெளியே கிடைத்த ஒரே கூட்டாளி அவள். மத்தியானச் சோற்றில் பாதி எனக்கு வைப்பாள். நான் தேங்காய்ச் சம்பல் கொண்டுபோனால், "இது என்னக்கா, தொவையலுக்குத் தாளிக்க மறந்துட்டியா?" என்பாள். அவளுடைய புருஷன் எந்தப் படகில் போகிறான், எங்கே போகிறான் என்று நான் ஒருநாளும் கேட்டதில்லை. கேட்டால் பதில் வந்துவிடும்.

தை மாதத்தில் ஒரு காலை, கம்பெனி வாசலில் அவளுடைய செருப்பு ஒன்று மட்டும் கிடந்தது. உள்ளே அவள் தரையில் உட்கார்ந்து தலையில் அடித்துக்கொண்டிருந்தாள். முருகேசன் போன படகை எல்லைக்கு அந்தப் பக்கம் இலங்கைக் கடற்படை பிடித்துவிட்டது. ஆட்கள் எட்டுப் பேரையும் மன்னாருக்குக் கொண்டுபோய்விட்டார்கள். பெண்கள் சுற்றி நின்று அந்த நாட்டைச் சபித்தார்கள். நாசமாய்ப் போக, மண்ணாய்ப் போக என்று ஆளுக்கொன்று சொன்னார்கள். சொல்லிவிட்டு என்னைப் பார்த்து, "உன்னையச் சொல்லலக்கா" என்றார்கள். நான் காளியம்மாள் பக்கத்தில் இருந்து அவள் கையைப் பிடித்தேன். "பயப்படாதை. மறியலில நேரத்துக்குச் சாப்பாடு குடுப்பினம். அடிக்கமாட்டினம்" என்றேன். அவள் அழுகையை நிறுத்தி என்னைப் பார்த்தாள்.

"அங்கன போயி மறியல் பண்றாகளா? எதுக்குக்கா? பேசாம இருந்தா விட்டுருவாகல்ல?"

மறியல் என்றால் எங்களுக்குச் சிறை. இவர்களுக்குச் சாலையில் உட்கார்ந்து வண்டியை மறிப்பது. அப்படிச் சொல்லிக்கொண்டிருக்கும்போதே வெளியே மீனவர்கள் பாலத்துச் சாலையை மறிக்கப் போகிறார்கள் என்று செய்தி வந்தது. மேஸ்திரி வந்து கம்பெனியை மூடச் சொன்னார். என்னிடம் மட்டும் தனியாக, "நீ ரெண்டு நாளு வராத. போலீசு நெறைய இருக்கும், உனக்குத்தான் சங்கடம்" என்றார். காளியம்மாள் எழுந்து புடவையை உதறிக் கட்டிக்கொண்டு சாலைக்குப் போனாள். இந்தக் கரையில் அவளும் அந்தக் கரையில் அவனுமாக மறியலில் இருந்தார்கள். நான் முகாமுக்குத் திரும்பிவந்து கதவைச் சாத்திக்கொண்டேன். ஊரில் இதே செய்தியைக் கேட்டு அன்ரன் என்ன செய்திருப்பான் என்று எனக்குத் தெரியும். வெடி கொளுத்தியிருக்கமாட்டான். ஆனால் அன்று ஒரு பிடி சோறு கூடுதலாகச் சாப்பிட்டிருப்பான்.

இரண்டு கிழமை கழித்துத் தீர்ப்பு வந்தது. அந்தப் பக்கத்து வழக்கறிஞர் அனுப்பிய காகிதத்தின் படம், கைபேசி கைபேசியாகச் சுற்றிக் காளியம்மாளுக்கும் வந்தது. தமிழ்க் காகிதம்தான். ஆனால் அவள் எழுத்துக்கூட்டி வாசித்தும், அனுப்பியவர்களைக் கேட்டும் ஒன்றும் பிடிபடவில்லை. 'நீதவான்', 'விளக்கமறியல்', 'ஒத்திவைக்கப்பட்ட சிறைத்தண்டனை' என்று எங்கள் ஊர் நீதிமன்றத் தமிழ். வேலை நடந்துகொண்டிருக்கும்போது என் பக்கம் சாய்ந்து கைபேசியை நீட்டினாள். "உங்க ஊரு எழுத்து. நீயே சொல்லுக்கா."

நான் கையைத் துடைத்துக்கொண்டு இரண்டு தரம் வாசித்தேன். ஏழு பேருக்கு இது முதல் குற்றம். தண்டனையை ஒத்திவைத்து, நாட்டுக்கு அனுப்பச் சொல்லியிருந்தார்கள். எட்டாவது பெயர் முருகேசன். அவனை நாலு வருஷத்துக்கு முன்னும் ஒருதரம் பிடித்திருக்கிறார்கள். அப்போது ஒத்திவைத்த தண்டனை இப்போது அமுலுக்கு வருகிறது. பதினெட்டு மாதம். நான் சொன்னேன்: "முந்தி ஒருதரம் பிடிபட்டவர் எல்லோ? அப்ப தண்டனையை ஒத்திவைச்சவை. அதைத்தான் இப்ப..." என்று இழுத்தேன். மேஸ்திரி அங்கிருந்து, "அங்கன என்ன பேச்சு?" என்று சத்தம் போட்டார். காளியம்மாளுடைய முகம் விரிந்துவிட்டது. "ஒத்தி வச்சிட்டாகளா? ஆத்தா மகமாயி! எங்க மச்சானுக்கு ஒரு நெலத் தகராறு, பரமக்குடிக் கோர்ட்டுல பதினோரு வருசமா ஒத்திதான் வைக்கிறாக. ஒத்தி வச்சாலே போதும்க்கா, ஆளு வந்துரும்!" என்றாள். அறுபது பேரும் கேட்க, "எல்லாரும் வாராகளாம்!" என்று கத்தினாள். அன்று யாரோ கடலை மிட்டாய் வாங்கிவந்து எல்லோருக்கும் கொடுத்தார்கள். காளியம்மாள் எனக்கும் ஒன்று தந்தாள்.

நான் அவளைத் திருத்தவில்லை.

அந்த ஏழு பேரும் இலங்கையில் ஒரு தடுப்பு முகாமில் இருந்துவிட்டு, விமானத்தில் சென்னைக்கு வந்து, வேனில் இராமேஸ்வரம் வந்துசேர ஒன்பது நாள் ஆனது. ஒன்பது நாளும் அவள் பக்கத்திலேயே இருந்து நான் இறால் தலை கிள்ளினேன். அவளுடைய சந்தோஷத்தைக் கெடுக்க மனம் வரவில்லை என்றுதான் இந்தக் கட்டுரையில் முதலில் எழுதினேன். வாசித்துப் பார்த்துவிட்டு அந்த வரியை வெட்டினேன். உண்மை அதுவல்ல. அவள் புருஷனுக்குப் புதுச் சட்டை எடுத்ததைச் சொன்னபோதும், பிள்ளைகள் நாள் எண்ணுவதைச் சொன்னபோதும், எனக்குள் ஒருத்தி கையைக் கட்டிக்கொண்டு பார்த்துக்கொண்டிருந்தாள். கொஞ்சம் பார்க்கட்டும் என்று அவள் சொன்னாள். காத்திருந்து காத்திருந்து வெறும் மிதவை வந்து சேர்வது எப்படியிருக்குமென்று இவர்களும் கொஞ்சம் பார்க்கட்டும். எனக்குச் சோறு வைத்தவளைப் பற்றி எனக்குள் இருந்தவள் அப்படி நினைத்தாள். இதை வாசிக்கிற என் ஊர்ச் சனங்களில் சிலருக்கு இது நியாயமாகவும் படலாம். எனக்கும் அந்த ஒன்பது நாளும் நியாயமாகத்தான் பட்டது.

பத்தாம் நாள் பின்னேரம் முகாம் வாசலில் என்னைத் தேடி ஆள் வந்திருப்பதாகச் சொன்னார்கள். வெளியாட்களை உள்ளே விடமாட்டார்கள். கம்பிக் கதவுக்கு அந்தப் பக்கம் காளியம்மாள் நின்றாள். தலையில் பூ வைத்திருந்தாள், அது வாடியிருந்தது. கையில் ஒரு துணிக்கடைப் பை. வேனில் இருந்து ஏழு பேர் இறங்கியிருக்கிறார்கள். கடைசி ஆளும் இறங்கி, சாரதி கதவைச் சாத்தியபிறகும் அவள் உள்ளே எட்டிப் பார்த்திருக்கிறாள். இறங்கியவர்களில் ஒருவன்தான் விஷயத்தைச் சொல்லியிருக்கிறான்.

"உனக்குத் தெரியுமாக்கா?" என்றாள்.

பிழையாக வாசித்துவிட்டேன் என்று சொல்லியிருக்கலாம். அவள் நம்பியிருப்பாள். "தெரியும்" என்றேன்.

அவள் சத்தம் போடவில்லை. "பிள்ளைகளக் கூட்டிட்டுப் போயி நின்னேன்க்கா" என்றாள். "சின்னவன் வேனுக்குள்ள ஏறி சீட்டுக்குக் கீழ தேடுறான்." பிறகு கேட்டாள்: "நான் உனக்கு என்ன பண்ணுனேன்?"

நான் வலையைப் பற்றிச் சொன்னேன். அன்ரன் மணலில் இருந்ததைச் சொன்னேன். சொல்லச் சொல்ல என் குரல் உயர்ந்தது. எங்கட கடல், எங்கட வலை, உங்கட படகு என்று நான் சொன்னதை வாசல் காவலர் கதிரையை எங்கள் பக்கம் திருப்பிப் போட்டு உட்கார்ந்து கேட்டார். காளியம்மாள் முழுவதையும் கேட்டாள். கடைசியில், "அவுகளுக்கு ஸ்டியரிங்கைத் தொட்டுக்கூடத் தெரியாது. போட்டு எந்தப் பக்கம் போகுதுன்னே தெரியாது. இழுன்னா இழுப்பாக" என்றாள். "எங்க ஊருல மழை பேஞ்சிருந்தா இந்த உப்புத் தண்ணிக்கு நாங்க ஏன்க்கா வாரோம்?" பதிலுக்குக் காத்திராமல் போய்விட்டாள். மறுநாள் கம்பெனியில் வேறு வரிசையில் போய் உட்கார்ந்தாள். மற்றவர்களிடம் அவள் ஒன்றும் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் என்னை அன்றே துரத்தியிருப்பார்கள். சொல்லாமல் விட்டதுதான் எனக்குத் தாங்க முடியாமல் இருந்தது.

ஒரு கிழமை பொறுத்து அன்ரனுக்குத் தொலைபேசி எடுத்தேன். சுகம் விசாரித்தபிறகு, வவுனியா மறியலில் இருக்கிற முருகேசன் என்கிற ஆளைப் போய்ப் பார்க்க முடியுமா, உடுக்க ஒரு சாரமும் குளிக்கச் சவர்க்காரமும் கொடுக்க முடியுமா என்று கேட்டேன்.  "அக்கா, நீ என்ன கதை கதைக்கிறாய்?" என்றான். "என்ர வலையை அறுத்தவனுக்கு நான் சவர்க்காரம் கொண்டுபோறதோ? நீ அங்க போய் மூண்டு வருஷமும் ஆகேல்ல. அதுக்குள்ள அவங்கட ஆளாயிட்டியோ?" பிறகு சொன்னதை நான் இங்கே எழுதவில்லை. எங்களைப் பெற்றவர்களையும் இழுத்துச் சொன்னான். தொடர்பைத் துண்டித்தான். பிறகு நான் எடுத்தபோதெல்லாம் மணி அடித்து அடித்து நின்றது. அந்தக் கிழமையில் நான் இங்கே காளியம்மாளுக்குச் சிலோன்காரி. அங்கே என் தம்பிக்கு இந்தியாக்காரி. முகாம் பேரேட்டில் மட்டும் பழையபடி எல்லை கடந்தவள்.

பங்குனி கடைசியில் அவனே எடுத்தான். "போனனான்" என்றான். "சாமான் குடுக்கப் போகேல்ல. மூஞ்சியைப் பார்க்கப் போனனான். நாலு கேள்வி கேட்கவேணும் எண்டு போனனான்." போய்க் கம்பிக்கு முன்னால் நின்று, தான் யாரென்று சொல்லியிருக்கிறான். முருகேசன் கும்பிட்டிருக்கிறான். பிறகு கேட்டானாம்: "சாயல்குடிப் பக்கம் மழை பேஞ்சுச்சான்னு உங்களுக்குத் தெரியுமாண்ணே?" பிறகு அன்ரன் சொன்னான்: "அவனுக்குக் கடலைப் பற்றி ஒண்டும் தெரியாதக்கா. வாடைக்காற்று எது, சோளகக்காற்று எது எண்டுகூடத் தெரியாது. வலை என்ன விலை எண்டு தெரியாது. இப்பிடியான ஒருத்தனை நான் என்னெண்டு பகைக்கிறது? பகைக்க வேண்டிய படகு முதலாளி கரையில இருக்கிறான். அவனை ஆர் பிடிக்கினம்?" கடையில் சவர்க்காரம் வாங்கிக் கொடுத்துவிட்டு வந்தானாம். கோபம் போகவில்லை என்று இரண்டு தரம் சொன்னான்.

நான் மறுநாள் காளியம்மாளுடைய வரிசைக்குப் போய், அவள் பக்கத்தில் குந்தியிருந்து சொன்னேன். "என்ர தம்பி போய்ப் பார்த்தவன். மெலிஞ்சிருக்கிறாராம். காய்ச்சல் ஒண்டும் இல்லையாம். ஊரில மழை பெய்ததோ எண்டு கேட்டவராம்." அவள் கையில் இருந்த இறாலை வைத்துவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டாள். "பேயலைன்னு சொல்லச் சொல்லு" என்றாள். "இல்ல, பேஞ்சுச்சுன்னே சொல்லச் சொல்லு." அவ்வளவுதான். மன்னிப்பு என்று நானும் கேட்கவில்லை, அவளும் தரவில்லை. மத்தியானம் சோற்றுப் பாத்திரத்தைத் திறந்து என் பக்கம் நகர்த்தி வைத்தாள்.

நான் தொலைபேசியில் தம்பியோடு கதைப்பதும், தம்பி சிறைக்குப் போவதும், போய் வந்து எனக்குச் சொல்வதும் இரண்டு மாதம் நடந்தது. மூன்றாம் மாதம் என்னை விசாரணைக்குக் கூப்பிட்டார்கள். மேசைக்கு அந்தப் பக்கம் இருந்த அதிகாரி என்னுடைய அழைப்புகளின் விபரத்தை வைத்திருந்தார். "ஏம்மா, ஜெயிலுக்குப் போறது யாரு? உள்ள இருக்கறவனுக்கு என்ன சேதி போகுது?" என்றார். "மழை பெய்தது எண்டு ஐயா." அவர் பேனாவை வைத்தார். "மழைன்னா என்ன அர்த்தம்?" "மழைதான் ஐயா." "வெளையாடாத. நீ யாருக்காக வேலை பாக்குற?" எனக்கு விளங்கவில்லை. "இறால் கம்பெனிக்கு ஐயா" என்றேன். அவருக்குச் சிரிப்பும் வந்தது, கோபமும் வந்தது. பிறகு குரலைத் தணித்து, "எனக்கு மேல இருந்து கேக்குறாகம்மா. அந்தப் பக்கம் இருந்து போதைத் தூள் வருது, தங்கம் வருது, ஆளு வருது. எது மழை எது மழையில்லைன்னு நான் எப்புடிக் கண்டுபிடிக்கிறது?" என்றார். அவர் கேட்டதும் நியாயம்தான். எல்லோருக்கும் ஒரு நியாயம் இருந்தது. கைபேசியை வாங்கி வைத்துக்கொண்டார்கள். விசாரணை முடியும்வரை வெளியே வேலைக்குப் போகக்கூடாதென்று சொன்னார்கள். விசாரணை எப்போது முடியும் என்று கேட்டேன். "ஒத்தி வச்சிருக்கு" என்றார்.

அன்றிலிருந்து எட்டு மாதமாக முகாமுக்குள்ளேயே இருக்கிறேன். கம்பெனியில் என் இடத்துக்கு வேறு ஆள் வந்துவிட்டது. காளியம்மாள் மாதம் ஒருதரம் வாசலுக்கு வந்து, தம்பி என்ன சொன்னான் என்று கேட்பாள். தொலைபேசி இல்லை என்று சொல்வேன். அவளுக்குச் செய்தி போகிற வழியை நான்தான் திறந்தேன். என்னாலேயே அடைந்தும் போனது. மூன்றாம் மாதத்துக்குப் பிறகு அவள் வரவில்லை. எனக்கு முன் இந்த வரிசை வீடுகளில் இருந்தவர்கள் சுவரில் கரியால் எழுதிவைத்த பெயர்களை வாசித்துக்கொண்டிருந்தேன். சில பெயர்கள் எங்கள் ஊர்ப் பெயர்கள். டிலானி மட்டும் காலையில் பள்ளிக்குப் போய்ப் பின்னேரம் வந்தாள். இந்த ஊர்ப் பாடப் புத்தகம், இந்த ஊர்க் கூட்டாளிகள். வீட்டுக்குள் நான் கேட்டதற்கு அவள் இந்த ஊர்ப் பேச்சில் பதில் சொன்னால், பக்கத்து வீட்டுப் பிள்ளை வந்துவிட்டதோ என்று சிலவேளை திரும்பிப் பார்ப்பேன்.

போன மாதம் ஒரு சனிக்கிழமை. வெயில் தணிந்த நேரம். கைபேசி திரும்பக் கிடைத்துவிட்டது, வேலைக்குப் போகிற அனுமதி இன்னும் கிடைக்கவில்லை. வாசலில் ஆள் வந்திருப்பதாகச் சொல்ல, நான் வருவதற்குள் டிலானி ஓடிவிட்டாள். காளியம்மாளும் பக்கத்தில் ஒரு மெலிந்த மனிதரும் நின்றார்கள். முருகேசனை நான் அதற்கு முன் பார்த்ததில்லை. தண்டனையில் கொஞ்சம் கழித்து விட்டு அனுப்பியிருந்தார்கள். விமானத்தில் வந்தாராம். என்னைக் கண்டதும் கும்பிட்டார்.

"அக்கா, சுகமா இருக்கிறியளோ? அன்ரன் அண்ணை உங்களைச் சுகம் கேட்டவர். வீட்டுக்குக் கூரை மாத்திப்போட்டினமாம். உங்களை யோசிக்க வேண்டாமெண்டு சொல்லச் சொன்னவர்."

 எங்கள் ஊரே முகாம் வாசலில் வந்து நின்று கதைத்தது. காளியம்மாள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். "வந்ததுல இருந்து இப்புடித்தான்க்கா பேசுறாக. உள்ள முழுக்க மன்னாரு ஆளுகளாம். பிள்ளைக கேலி பண்ணுதுக" என்றாள். டிலானி அவரைப் பார்த்து, "வாங்கண்ணே, இங்கன நெழல்ல நில்லுங்க. நான் போயி தண்ணி எடுத்துட்டு வாரேன்" என்றாள். வாசலில் அன்றைக்குப் புதுக் காவலர். இரண்டு பேருடைய பேச்சையும் கேட்டுவிட்டு அவர் இவரையும் பார்த்தார், அவளையும் பார்த்தார். "ஏம்மா, வெளியாளுங்க உள்ள நிக்கக்கூடாது. நீ கெளம்பு" என்று டிலானியிடம் சொன்னார். முருகேசனுடைய தோளில் கை வைத்து, "நீ எத்தனாம் நம்பர் வீடு? நேரமாச்சுல்ல, கையெழுத்துப் போட்டியா? உள்ள வா" என்றார்.

முருகேசன் ஒரு அடி பின்வாங்கினார். மேற்சட்டைப் பையைத் தடவினார், கால்சட்டைப் பையைத் தடவினார். ஆதார் அட்டையை எடுத்து நீட்டி, "நான் இங்கத்தை ஆள் ஐயா, சாயல்குடி" என்றார். காவலர் அட்டையைப் பார்த்து, ஆளைப் பார்த்து, சிரித்துவிட்டார். காளியம்மாளும் சிரித்தாள், நானும் சிரித்தேன். டிலானி சிரிக்கவில்லை. "அதக் குடுங்கண்ணே, பாத்துட்டுத் தாரேன்" என்று கதவுக்கு வெளியே வந்து கேட்டு வாங்கினாள். முன்பக்கம் பார்த்தாள். திருப்பிப் பின்பக்கத்தில் இருந்த முகவரியை முழுவதும் வாசித்தாள். பாவாடையில் துடைத்துத் திருப்பிக் கொடுத்தாள். அவர் அதை வாங்கிப் பையில் பத்திரமாக வைத்துக்கொண்டு, "அப்ப நாங்கள் போயிட்டு வாறம், பிள்ளை" என்றார். "சரிண்ணே, பாத்துப் போங்க" என்றாள் என் மகள். காவலர் அவளை உள்ளே விட்டு, கம்பிக் கதவைச் சாத்தினார்.